சாவிக்காரியாக நடித்தவர்

அந்த வீட்டுக்கு ஐம்பத்தெட்டுப் படிகள். லிஃப்ட் இல்லை. முதல் நாள் நான் மூச்சு வாங்க மேலே போய் நின்றபோது, கதவைத் திறந்த பெண்மணி என்னிடம் கேட்ட முதல் கேள்வி, "கீழே மழை பெய்கிறதா?" என்பதுதான். சன்னலால் பார்த்தால் தெரியுமே என்று நினைத்தேன். உள்ளே போன பிறகுதான் விளங்கியது. சன்னலுக்கு வெளியே எதிர்க் கட்டடத்தின் செங்கல் சுவர் மட்டும் தெரிந்தது. அவர் ஐந்து மாதமாகப் படி இறங்கியிருக்கவில்லை.

அவருக்கு அப்போது அறுபதைத் தாண்டிவிட்டது. சுவீடன் நாட்டுக்காரர். ஆங்கிலேயரான கணவர் இறந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. பிள்ளைகள் இல்லை. இடுப்பில் இருந்த பழைய காயம் திரும்பவும் கிளம்பி, ஊன்றுகோலோடு அறைக்கு அறை நடப்பதே பெரும்பாடாக இருந்தது. வீட்டு உதவிக்கு ஆள் அனுப்பும் ஒரு கம்பனி என்னை அனுப்பியிருந்தது. காலை ஒன்பது மணியிலிருந்து இரண்டு மணி வரை. கூட்டுவது, துடைப்பது, சமைப்பது, கடைக்குப் போவது. நான் அவரை மேடம் என்றேன். அது அவருக்குப் பிடிக்கவில்லை என்றாலும் நான் மாற்றவில்லை. எங்கள் பேச்செல்லாம் ஆங்கிலத்தில்தான். இரண்டு பேருக்கும் சொந்தமில்லாத மொழி என்பதால், மெதுவாக, சின்ன வசனங்களாகப் பேசிக்கொள்வோம். அவற்றை இங்கே தமிழில் எழுதுகிறேன்.

நாங்கள் கிழக்கு லண்டனில், பிளேஸ்டோவில் ஒரு வீட்டின் மேல் அறையில் இருந்தோம். நான், என் கணவர், ஆறு வயது மகள். அந்த வீட்டில் மூன்று குடும்பங்கள், சமைக்க ஒரு குசினி, ஒரு குளியலறை. எண்பதுகளின் நடுவில் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து அகதிக் கோரிக்கை கொடுத்தவர்கள் நாங்கள். பாஸ்போட்டுகளைக் குடிவரவு அலுவலகம் வாங்கி வைத்துக்கொண்டது. வேலை செய்ய மட்டும் அனுமதி தந்தது. முடிவைக் கடிதத்தில் அறிவிப்பதாகச் சொன்னார்கள்.

அந்தக் கடிதம்தான் எங்கள் வீட்டை நடத்தியது. ஊரில் நான் கணக்கு ரீச்சர். என் வகுப்பில் ஊசி விழுந்தாலும் கேட்கும் என்று சொல்வார்கள். இங்கே ஏதாவது படித்து மறுபடியும் படிப்பிக்கலாம் என்ற ஆசை எனக்கு இருந்தது.

"இஞ்சருங்கோ, நான் பின்னேரத்தில ஒரு கோர்ஸுக்குப் போகட்டே?" என்று கேட்டேன்.

"கடிதம் வரட்டும்," என்றார் கணவர். "நீர் படிச்சு முடிக்கேக்கை திருப்பி அனுப்பினாங்கள் எண்டால் என்ன செய்யிறது?"

இரண்டாவது பிள்ளைக்கும் அதே பதில். வேறு வீடு பார்ப்பதற்கும் அதே பதில். அவர் கெட்டவர் அல்ல. பெற்றோல் ஸ்டேஷனில் கண்ணாடிக்குப் பின்னால் பத்து மணி நேரம் உட்கார்ந்துவிட்டு வருகிறவர். எதைத் தொட்டாலும் அது பறிபோய்விடும் என்ற பயம் அவருக்கு. தபாற்காரன் வரும் நேரத்தில் மூன்று பேரும் பேச்சை நிறுத்திவிடுவோம். மகளும் அதைப் பழகியிருந்தாள்.

ஒரு சனிக்கிழமை காலை, கீழே எல்லோருக்கும் பொதுவான டி.வி. இருந்த அறையில் வீட்டுப் பிள்ளைகள் நாலைந்து பேர் ஒரேயடியாகக் கத்தினார்கள். மகளைச் சாப்பிடக் கூப்பிட இறங்கிப் போன நான் கதவடியில் நின்றுவிட்டேன்.

"அம்மா, பாருங்கோ, சாவிக்காரி வாறா!" என்று மகள் கண்ணைப் பொத்திக்கொண்டு விரலிடுக்கால் பார்த்தாள்.

வெளிநாட்டுப் பழைய படம். ஆங்கிலக் குரல் கொடுத்திருந்தார்கள். கடலோரத்தில் ஓர் அநாதை விடுதி. அதை நடத்துகிறவள் கறுப்புச் சட்டையும் இடுப்பில் சாவிக்கொத்துமாக வருகிறாள். சேட்டை செய்கிற பிள்ளைகளைத் துணி அலுமாரிக்குள் போட்டுப் பூட்டுகிறாள். அவள் திரும்பும்போது கழுத்து மட்டும் திரும்பவில்லை, தோளோடு சேர்த்துத் திரும்பினாள். இடது புருவம் மட்டும் மேலே போயிற்று. வெள்ளிக்கிழமை நான் சூப் வைத்துக் கொடுத்துவிட்டு வந்த அதே முகம், முப்பது வருடம் இளமையாக.

திங்கட்கிழமை தேநீர் கொடுத்தபோது கேட்டேன். "மேடம், நீங்கள் சினிமாவில் நடித்தீர்களா?"

கோப்பையைக் கீழே வைத்தார். "எந்த மொழியில் பேசினேன்?"

"இங்கிலிஷில்."

"அப்படியென்றால் அது என் குரல் இல்லை," என்றார்.

அன்று அதோடு தேநீரைக் குடித்து முடித்தார். ஆனால் அடுத்தடுத்த கிழமைகளில், நான் உருளைக்கிழங்கு சீவும்போதும் சட்டை மடிக்கும்போதும், கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார்.

ஸ்டொக்ஹோமில் நாடகம் படித்தவர். மேடையில் நல்ல வேடங்கள் கிடைத்துக்கொண்டிருந்த காலம். முப்பத்தொரு வயதில் ஒரு கோடை காலத்துக்கு மட்டும் என்று சிறுவர் படம் ஒன்றை ஒப்புக்கொண்டார். படப்பிடிப்பு ஒரு தீவில். சிறுவர் நடிகர்கள் ஏழு பேர். அவருக்குப் பிள்ளைகள் என்றால் உயிர். ஆனால் முதல் நாளே டைரக்டர் அவரைத் தனியாகக் கூப்பிட்டு, "நீங்கள் இவர்களோடு சிரிக்கக் கூடாது, விளையாடக் கூடாது, சேர்ந்து சாப்பிடக் கூடாது. இவர்களுடைய பயம் உண்மையாக இருக்கவேண்டும்," என்று சொல்லிவிட்டார்.

"அந்தக் கோடை முழுவதும் நான் தனியாகச் சாப்பிட்டேன்," என்றார். "வெளியே மரத்தடியில் நீளமான மேசை. அவர்கள் சிரிக்கிற சத்தம் என் அறைக்குக் கேட்கும்."

படம் பெரிய வெற்றி. ஒரு கோடை ஆறு கோடையாயிற்று. ஒவ்வொரு படத்தின் முடிவிலும் பிள்ளைகள் ஏமாற்றி அவரை எதற்குள்ளாவது விழுத்துவார்கள். ஒரு படத்தில் மாவுக்குள், ஒரு படத்தில் குளத்துக்குள். நான்காவது படத்தில் துறைமேடையிலிருந்து மீன் பீப்பாவுக்குள் விழவேண்டும். பீப்பா விலகியிருந்தது. இடுப்பு அன்று அடிபட்டதுதான். இன்னொரு படத்தில், கதாநாயகியாக நடித்த சின்னப் பெண் உண்மையிலேயே பயந்துபோய் அவர் கையைக் கடித்துவிட்டாள். பெருவிரலுக்குக் கீழே அந்தத் தழும்பு இருந்தது. டைரக்டருக்கு அந்தக் காட்சி மிகவும் பிடித்துப்போய் அப்படியே வைத்துக்கொண்டாராம்.

அதற்குப் பிறகு அவருக்கு வேறு வேடம் கிடைக்கவில்லை. மேடையில் துயரமான பாத்திரமாக வந்து நின்றாலும் சபையில் யாராவது சிரித்துவிடுவார்கள். தெருவில் தாய்மார் அவரைக் காட்டி, "சாப்பிடு, இல்லையென்றால் அவளிடம் கொடுத்துவிடுவேன்," என்பார்களாம். தங்கையின் மகள் ஐந்து வயது வரை அவர் மடியில் உட்காரவில்லை. ஆங்கிலேயர் ஒருவர் கல்யாணம் கேட்டபோது சம்மதித்ததற்கு, அவரை விரும்பியது பாதிக் காரணம், தன்னை யாருக்கும் தெரியாத ஊருக்குப் போகலாம் என்பது பாதி.

லண்டனிலும் நடிக்க முயன்றார். அவருடைய உச்சரிப்புக்கு ரஷ்ய உளவாளியின் மனைவி, ஜெர்மன் தாதி, இவ்வளவுதான் கிடைத்தது. எதிலும் நாலைந்து வசனங்களுக்கு மேல் இல்லை. அப்படி இருக்கும்போதுதான் அந்த ஆறு படங்களையும் வாங்கி ஆங்கிலக் குரல் கொடுக்கப்போகிறார்கள் என்று கேள்விப்பட்டார். குரல் பதிவு செய்யும் இடம் அவர் வீட்டிலிருந்து இரண்டு பஸ் தூரம். தன் குரலைத் தானே கொடுப்பதாக எழுதினார். உங்கள் உச்சரிப்புப் பொருந்தாது என்று பதில் வந்தது. வேறொரு பெண்ணை வைத்துப் பேசினார்கள்.

"என் வாய் அசைகிறது, யாரோ பேசுகிறாள். நான் அதை ஒரு தடவைதான் பார்த்தேன்," என்றார்.

அந்த வருடம் கோடை விடுமுறைக்கு மகளை வைத்துப் பார்க்க ஆள் கிடைக்கவில்லை. கீழ் அறை அக்காவுக்கும் ஷிப்ட் மாறிவிட்டது. வேலையை விடமுடியாது. மகளைக் கூட்டிவரலாமா என்று மேடத்திடம் தயங்கித் தயங்கிக் கேட்டேன்.

"அவள் அந்தப் படங்களைப் பார்ப்பாளா?"

"பார்ப்பாள்."

சுவரில் இருந்த தன் இளவயதுப் புகைப்படங்களைப் பார்த்துவிட்டு, "கூட்டிக்கொண்டு வா," என்றார்.

முதல் நாள் கதவு திறந்ததும் மகள் என் பின்னால் ஒளிந்து என் சட்டையை முறுக்கிப் பிடித்தாள். "அம்மா, இவ சாவிக்காரி! வாங்கோ போவம்!"

மேடம் மெல்லிய குரலில், "உள்ளே வா, குட்டிப் பெண்ணே," என்றார்.

மகள் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டாள். "குரல் வேறை."

"ஓம் குஞ்சு, வேறை ஆள்," என்றேன். பொய் அவ்வளவு சுலபமாக வந்தது.

இரண்டு கிழமைக்குள் அவர்கள் நெருங்கிவிட்டார்கள். சீட்டு விளையாடினார்கள். அவர் மகளுக்குத் தலை பின்னிவிட்டார். ஆனால் அவர் எவ்வளவு கவனமாக இருந்தார் என்பது எனக்குத்தான் தெரிந்தது. சுவரில் இருந்த அந்தப் புகைப்படங்களைக் கழற்றிக் கட்டிலுக்கடியில் வைத்திருந்தார். புருவம் உயர்ந்துவிடாமல் பார்த்துக்கொண்டார். சத்தமாகச் சிரிக்கமாட்டார். தன் சொந்த வீட்டுக்குள்ளேயே ஒளிந்திருப்பவரைப் போல இருந்து, இரண்டு மணிக்கு நாங்கள் வெளிக்கிடும்போது களைத்துப்போய் இருப்பார்.

அந்தப் பொய் ஒரு சாவிக்கொத்தால் உடைந்தது. நான் கடைக்குப் போய் வந்து மேசையில் வைத்த சாவிகள் கீழே விழுந்தன. மேடம் ஊன்றுகோலைப் பிடித்துக் குனிந்து, அவற்றை எடுத்துக்கொண்டு நிமிர்ந்து, தோளோடு திரும்பினார். மகள் அவரையும் கையிலிருந்த சாவிகளையும் பார்த்தாள். ஓடிப்போய்க் குளியலறைக்குள் நுழைந்து தாழ்ப்பாளைப் போட்டுக்கொண்டாள்.

நான் கதவைத் தட்டினேன். "பிள்ளை, திறவுங்கோ."

"நீங்கள் வேறை ஆள் எண்டு சொன்னனீங்கள்!" என்று உள்ளிருந்து அழுதாள்.

மேடம் என்னை விலகச் சொன்னார். ஒரு கதிரையை இழுத்துவந்து கதவுக்கு முன்னால் போட்டு உட்கார்ந்தார். நெடுநேரம் கழித்து உள்ளிருந்து ஆங்கிலத்தில் ஒரு கேள்வி வந்தது. "நீங்கள் அந்தப் பிள்ளைகளை உண்மையிலேயே பூட்டினீர்களா?"

"ஒரு நாளும் இல்லை. அந்த அலுமாரிக்குப் பின்பக்கமே கிடையாது. நான் பூட்டியதும் அவர்கள் பின்னால் இறங்கி ஓடிப்போய்ச் சோடா குடிப்பார்கள். பூட்டின கதவுக்கு முன்னால் நான்தான் நின்றுகொண்டிருப்பேன்."

உள்ளே யோசிக்கிற சத்தம் கேட்டதுபோல் இருந்தது.

"உங்களுக்கும் சோடா தந்தார்களா?"

"இல்லை."

"ஏன்?"

"நான் பொல்லாதவள் அல்லவா."

தாழ்ப்பாள் விலகியது. மகள் கன்னமெல்லாம் ஈரமாக வந்து நின்று, அவரை மேலும் கீழும் பார்த்தாள். "அப்ப செய்து காட்டுங்கோ," என்று தமிழிலேயே சொன்னாள். நான் மொழிபெயர்த்தேன்.

மேடம் எழுந்தார். ஊன்றுகோலை என்னிடம் தந்தார். சாவிக்கொத்தை உயர்த்தினார். புருவம் ஏறியது. சுவீடிஷ் மொழியில் ஒரு நீண்ட அதட்டல் வந்தது, அடிவயிற்றிலிருந்து, கண்ணாடிக் கோப்பைகள் அதிரும்படி. நானே ஒரு அடி பின்வாங்கிவிட்டேன். மகள் வீரிட்டுக் கத்திக்கொண்டு சோபாவுக்குப் பின்னால் பாய்ந்தாள். பிறகு தலையை நீட்டி, "இன்னொருக்கா," என்றாள்.

அந்தக் கோடை முழுவதும் அந்த வீட்டில் அதுதான் விளையாட்டு.

அடுத்த வருட வசந்தத்தில் சுவீடனிலிருந்து ஒரு கடிதம் வந்தது. பழைய படங்களைப் பெரிய அரங்கில் திரையிட்டு, நடித்தவர்களை ஒன்றுசேர்க்கப் போகிறார்கள். அந்த ஏழு பிள்ளைகளும் வருகிறார்கள், அவரும் வரவேண்டும். எழுதியிருந்தவர் கதாநாயகியாக நடித்த, அன்று கையைக் கடித்த, பெண். மேடம் அதை மூன்று நாள் மேசையிலேயே வைத்திருந்தார். நான்காம் நாள், "நீ என்னோடு வந்தால் போவேன். தனியாக என்னால் முடியாது," என்றார்.

பாஸ்போட் என்னிடம் இல்லை என்றேன். கேட்டு வாங்கமுடியாதா என்றார். எங்கள் வழக்கைப் பார்க்கும் வக்கீலிடம் போய்க் கேட்டேன். பாஸ்போட்டைத் திருப்பிக் கேட்டால் கோரிக்கையைக் கைவிட்டதாக எடுத்துக்கொள்வார்கள் என்றார் அவர். வீட்டில் இதைக் கேட்டதும் கணவர் சாப்பாட்டுக் கோப்பையைத் தள்ளிவைத்தார்.

"உமக்கென்ன விசரே? நாலு நாள் பயணத்துக்கு எங்கடை மூண்டு பேற்றை சீவியத்தையும் குடுக்கப் போறீரே?"

"நான் போறன் எண்டு சொல்லேல்லை. கேட்டுப் பாத்தனான்."

"கேக்கவும் வேண்டாம். கேட்டாலே எழுதி வைப்பாங்கள்."

அதைத்தான் மேடத்திடம் சொன்னேன். அவர் தலையாட்டிவிட்டு, "சரி, இரண்டு பேரும் இங்கேயே இருப்போம்," என்றார். கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். அன்று ரயிலில் பிளேஸ்டோ வரை நின்றுகொண்டே போனேன். என்னைப் பூட்டி வைத்ததும் போதாமல், நான் இன்னொருத்தியையும் பூட்டிவிட்டேன் என்று நினைத்தேன்.

அவருக்குச் சொல்லாமல் உறையிலிருந்த முகவரியைக் குறித்துக்கொண்டு, அந்தப் பெண்ணுக்கு எழுதினேன். அவருக்கு வர விருப்பம், ஐம்பத்தெட்டுப் படிகள், துணை இல்லை, எனக்கு நாட்டைவிட்டுப் போக அனுமதி இல்லை. இவ்வளவுதான் எழுதினேன்.

மூன்று கிழமை கழித்து ஒரு காலை நான் படியேறி வந்தபோது, கதவுக்கு வெளியே உயரமான ஒரு பெண் கையில் பூங்கொத்தோடு நின்றார். மணியை அடிக்கவில்லை.

"நீங்கள்தான் எழுதியவரா?" என்று கேட்டார். "நான் பத்து நிமிடமாக நிற்கிறேன். எனக்கு நாற்பத்திரண்டு வயது, பல் வைத்தியராக இருக்கிறேன். இன்னும் பயமாக இருக்கிறது."

நான் கதவைத் திறந்தேன். மேடம் சன்னலடியில் இருந்தார். திரும்பிப் பார்த்தார். அடையாளம் காண ஒரு நொடி கூட எடுக்கவில்லை. தழும்பு இருந்த கையை நீட்டிக் காட்டினார். வந்தவர் அழுகையும் சிரிப்புமாகப் போய் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு அவர்கள் சுவீடிஷில் பேசியது எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. நான் குசினிக்குள் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். இரண்டு வருடமாக மேடத்திடம் நான் கேட்ட அந்தத் தயங்கும் குரல் அல்ல அது. வேகமாக, குறுக்கே விழுந்து, இடையிடையே கிண்டலோடு பேசுகிற ஒரு பெண் அங்கே இருந்தார். அவரை நான் அதுவரை சந்தித்ததே இல்லை. போகும்போது வந்தவர் என்னிடம் சொன்னார்: அந்தக் கோடையில் இவர் தனியாகச் சாப்பிடுவதைப் பிள்ளைகள் சன்னல் வழியாகப் பார்ப்பார்களாம். பேசினால் படத்திலிருந்து நிறுத்திவிடுவோம் என்று அவர்களுக்கும் சொல்லப்பட்டிருந்ததாம்.

ஜூன் மாதத்தில் இரண்டு ஆட்கள் வந்து மேடத்தைக் கதிரையில் இருத்திப் படிகளால் இறக்கினார்கள். விமான நிலையம் வரை நானும் மகளும் போனோம். பாஸ்போட் பார்க்கிற இடம் வந்ததும் நான் நின்றேன். கூட்டிப்போக வந்திருந்த பல் வைத்தியர் தள்ளுகதிரையைப் பிடித்துக்கொண்டிருந்தார்.

"இதற்கு அப்பால் வரமாட்டாயா?" என்று மேடம் கேட்டார். பதில் அவருக்குத் தெரியும்.

"ஏலாது மேடம்," என்று வாய் தவறித் தமிழில் வந்துவிட்டது. முடியாது என்பதற்கு நாங்கள் சொல்லும் அந்தச் சொல்லை மகளிடமிருந்து அவர் பழகியிருந்தார். "ஏலாது," என்று அவரும் சொல்லிப் பார்த்தார். மகளின் தலையைத் தடவினார். பிறகு அவர்கள் அந்தப் பக்கம் போய்விட்டார்கள்.

அவர் திரும்பி வரவில்லை. தங்கையின் வீட்டுக்கருகில் தரைத்தளத்தில் வீடு எடுத்துத் தங்கிவிட்டார். அரங்கில் நடந்ததைக் கடிதத்தில் எழுதியிருந்தார்: அவர் மேடைக்கு வந்ததும் நூற்றுக்கணக்கான வளர்ந்த மனிதர்கள் அமைதியாகிவிட்டார்களாம். அவர் சாவிக்காரியின் குரலில் ஒரு அதட்டல் போட்டதும், எல்லோரும் கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்தார்களாம். பிறகு எழுந்து நின்று கைதட்டினார்களாம். அடுத்த வருடம் வானொலி நாடகம் ஒன்றில் பெரிய வேடம் கிடைத்தது. அதைக் கசற்றில் பதிந்து அனுப்பியிருந்தார். நானும் மகளும் ஒரு சொல்லும் விளங்காமல் முழுவதையும் கேட்டோம்.

ஒவ்வொரு கடிதத்தின் கடைசியிலும், "கோடையில் வா," என்று இருக்கும். இன்னும் முடிவு வரவில்லை என்று நான் பதில் எழுதுவேன்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் எங்கள் கடிதம் வந்தது. இருக்கலாம், போகலாம், வரலாம். கணவர் அதை மூன்று முறை வாசித்துவிட்டுக் கட்டிலில் உட்கார்ந்து அழுதார். பயணப் பத்திரமும் வந்தது. ஆனால் அந்த வருடம் வேறு வீடு மாறினோம். அடுத்த கோடையில் நான் பாடசாலை உதவியாளர் வேலைக்குப் படிக்கத் தொடங்கியிருந்தேன். போகலாம், பரீட்சை முடியட்டும் என்று நினைத்தேன். அவ்வளவு வருடம் ஏலாது என்று சொல்லிப் பழகிய பிறகு, ஏலும் என்று ஆனதும் அதை என்ன செய்வதென்று எனக்குத் தெரியவில்லை. விமான ரிக்கற் விலை விசாரிக்கக்கூட நான் போகவில்லை.

ஒரு ஏப்ரல் மாதம் பல் வைத்தியரிடமிருந்து சின்னக் கடிதம் வந்தது. மேடம் நித்திரையிலேயே போய்விட்டாராம்.

மகளுக்கு அப்போது பன்னிரண்டு வயது. கடிதத்தை என் கையிலிருந்து வாங்கி வாசித்தாள்.

"விசா வந்திட்டுதுதானே அம்மா," என்றாள். "ரண்டு கோடை இருந்தது. ஏன் போகேல்லை?"

நான் பரீட்சையைச் சொன்னேன், வீடு மாறியதைச் சொன்னேன். அவள் கேட்டுக்கொண்டிருந்தாள். பிறகு கடிதத்தை மடித்து மேசையில் வைத்துவிட்டுத் தன் அறைக்குப் போனாள். கதவைச் சாத்துகிற சத்தம் கேட்டது. நான் குசினியில் நின்றபடியே இன்னொரு காரணம் தேடிக்கொண்டிருந்தேன்.